வீட்டு நடையில் மாறிய முடிவுகள்: ஒரு முந்திரி ஆலைத் தலைமைக் குழுவின் பணிச்சோர்வு

குமரி மாவட்டத்தில் மார்த்தாண்டம், குழித்துறை, தக்கலை, அருமனை வட்டாரங்களில் முந்திரி ஆலை இல்லாத ஊரைத் தேடித்தான் பார்க்க வேண்டும். ஊரில் யாரும் அதை ஆலை என்று சொல்வதில்லை, அண்டியாபீஸ்தான். அண்டியாபீஸைப் பற்றி யாராவது எழுதினால் தோடு உடைக்கிற பெண்களின் கை, கூலி, போனஸ் ஆகியவற்றைப் பற்றித்தான் எழுதுவார்கள். அது நியாயமும்கூட. இந்த ஆய்வு அவர்களுக்கு இரண்டு படி மேலே இருக்கிற ஒரு சின்னக் கூட்டத்தைப் பற்றியது. ஆலையை நடத்துகிற ஆறு பேர், தலைமைக் குழு என்று பெயர் வாங்கி ஒன்றரை வருஷம்கூட ஆகாத நிலையில், ஒருவர் பின் ஒருவராக உள்ளுக்குள் கழன்றுகொண்டிருந்தார்கள்.

இது ஒரே ஆலையின் கதை அல்ல. சிறு நிறுவனங்களில் ஆலோசகராகப் பார்த்தவற்றைச் சேர்த்து, ஆட்களையும் விவரங்களையும் மாற்றி, ஒரே ஆலையாக எழுதியிருக்கிறேன். இந்த மாவட்டத்தில் வயதையும் சாதியையும் சொன்னாலே வீட்டு எண் வரை கண்டுபிடித்துவிடுவார்கள். அதனால் இந்த எச்சரிக்கை.

ஆலையும் ஆறு பேரும்

அப்பா தொடங்கி மகன் நடத்துகிற தொழில். உடைப்பு நடக்கிற இரண்டு யூனிட், தரம் பிரித்துப் பேக்கிங் செய்கிற ஒரு கட்டடம். உள்ளூர்க் கொட்டை போதாது. ஐவரி கோஸ்ட், கானா, பெனின், தான்சானியா நாடுகளிலிருந்து கன்டெய்னரில் தூத்துக்குடிக்கு வந்து, அங்கிருந்து லாரியில் ஏறும். மேற்கு ஆப்பிரிக்காவில் அறுவடை பிப்ரவரியில் தொடங்கி ஜூன் வரை ஓடும். தான்சானியா சரக்கு அக்டோபரில் தலைகாட்டும். நடுவில் கிடைக்கிற இரண்டு மூன்று மாதத்தில் தீபாவளி ஆர்டர் வந்து வாசலில் நிற்கும். இந்தத் தொழிலில் சீசன் முடிந்தது என்று மூச்சு விடுகிற மாதம் எது என்று கேட்டேன். யாராலும் ஒரு மாதத்தின் பெயரைச் சொல்ல முடியவில்லை.

வங்கிக் கடன் பெருகி, வெளிநாட்டு வாடிக்கையாளர் ஒருவர் தரச்சான்று கேட்க ஆரம்பித்த பிறகு, முதலாளி ஒரு நல்ல காரியம் செய்தார். எல்லாம் தன் தலையில் ஓடுவது சரியில்லை என்று பொறுப்புகளைப் பிரித்தார். கூலிக்கு வந்து படிப்படியாக ஏறிய ஒருவர் ஆலை மேலாளர். ஊரில் எல்லோருக்கும் அவர் அண்ணாச்சி. எம்பிஏ படித்த முப்பத்தைந்து வயதுக்காரர் ஒருவர் கொள்முதல். உணவுத் தொழில்நுட்பம் படித்த பெண் ஒருவர் தரக் கட்டுப்பாடு. கணக்கும் ஆள் நிர்வாகமும் பார்ப்பவர் எல்லோருக்கும் அக்கா. பெங்களூரில் வேலையை விட்டுவிட்டு வந்த முதலாளியின் மகள், சொந்தப் பெயரில் பாக்கெட் போட்டு விற்கிற பிரிவுக்கு. ஆறாவது ஆள் முதலாளி. எல்லோருக்கும் சம்பளம் உயர்ந்தது, மேசை வந்தது, கதவில் பெயர்ப் பலகையும் வந்தது.

முதலில் கண்ணில் பட்டது

உலக சுகாதார நிறுவனம் 2019இல், ஐசிடி-11 என்கிற நோய்ப் பட்டியலில், பர்ன்அவுட்டை, அதாவது பணிச்சோர்வை, நோயாக அல்லாமல் வேலை சார்ந்த ஒரு நிலையாக வரையறுத்தது. தொடர்ந்து வருகிற பணி அழுத்தத்தைச் சரியாகக் கையாளாமல் விட்டதால் வருவது என்று சொல்லி, மூன்று அடையாளங்களைக் கொடுத்தது: சக்தி வற்றிப்போன உணர்வு, வேலையிலிருந்து மனம் விலகி எரிச்சலும் அவநம்பிக்கையும் வருவது, நம்மால் ஒன்றும் உருப்படியாக ஆகவில்லை என்கிற எண்ணம். பணிச்சோர்வை அளக்கிற கேள்வித்தாளை 1981இல் சூசன் ஜாக்சனுடன் சேர்ந்து வெளியிட்ட கிறிஸ்டினா மாஸ்லாக்கின் ஆய்வுகளிலிருந்து வந்த வரையறை இது.

பொதுவாக எல்லோரும் முதல் அடையாளத்தைத்தான் தேடுவார்கள். ஆள் சோர்ந்திருக்கிறாரா, தூங்குகிறாரா என்று. தலைமைக் குழுவில் அது பெரும்பாலும் கண்ணில் படாது. அண்டியாபீஸில் ராத்திரி பத்து மணி வரை நிற்பது பெருமைக்குரிய விஷயம். சோர்வைச் சொன்னால் மதிப்புக் குறையும் என்பதால் யாரும் சொல்வதில்லை. இங்கே முன்னால் வெளியே தெரிந்தது இரண்டாவது அடையாளம், அதுவும் வாட்ஸ்அப் குழுவில்.

கொள்முதல்காரர் முதல் ஆறு மாதம் எழுதிய செய்திகளைப் படித்தால் அது ஒரு பாடம் மாதிரி இருக்கும். எந்த நாட்டுச் சரக்கு, அவுட்டேர்ன் (மூட்டைக்குக் கிடைக்கிற பருப்பு) எவ்வளவு, ஈரம் எவ்வளவு, டாலர் எங்கே நிற்கிறது, ஏன் இந்த வாரம் வாங்கலாம் என்று விளக்கியிருப்பார். பிறகு செய்திகள் சுருங்கின. அதன்பின் கிண்டல் வந்தது. "நமக்கு எதுக்கு வம்பு, முதலாளி ஜோசியம் பார்த்துச் சொல்லுவாரு" என்று ஒரு நாள். கடைசியில் எல்லாவற்றுக்கும் ஒரே பதில், "ஓகே". முதலாளி அதைப் பணிவு என்று எடுத்துக்கொண்டார். பையன் இப்போதுதான் பக்குவப்பட்டிருக்கிறான் என்று என்னிடமே சொன்னார்.

அண்ணாச்சியிடம் தெரிந்தது இதற்கு நேர்மாறாக. அவர் இன்னும் கூடுதலாக வேலை செய்தார். பருப்பை உலர்த்துகிற போர்மாவின் சூட்டைத் தானே போய்ப் பார்ப்பார், லாரி வந்தால் மூட்டை எண்ணத் தானே நிற்பார், ஜெனரேட்டருக்கு டீசல் வாங்கவும் தானே போவார். வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு இது விசுவாசம். சூப்பர்வைசர்களுக்கு வேலை சொல்லிக்கொடுப்பதை அவர் நிறுத்திவிட்டார் என்பதைப் பல மாதம் யாரும் கவனிக்கவில்லை. வருஷம் தவறாமல் சிவாலய ஓட்டம் ஓடுகிறவர், திருமலையில் தொடங்கித் திருநட்டாலம் வரை பன்னிரண்டு கோயிலும் ஓடி முடிப்பவர், அந்த மாசி மாதம் போகவில்லை. கேட்டதற்கு முட்டு வலி என்றார். ஆலை மாடிப்படியில் அந்த முட்டு வலி ஒரு நாளும் தெரியவில்லை.

தரக் கட்டுப்பாட்டுப் பெண் முதலில் சரக்கைத் திருப்பி அனுப்பிக்கொண்டே இருந்தார். ஏற்றுமதிப் பருப்பில் ஈரம் 5 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. தாண்டினால் கப்பலில் போகிற வழியிலேயே பூசணம் பிடிக்கும். அவர் திருப்பி அனுப்பிய சரக்கு, முதலாளியின் ஒரு போன் அழைப்பில் மறுபடி பேக்கிங்குக்கு வரும். கொஞ்ச நாளில் அவர் திருப்பி அனுப்புவதையே விட்டுவிட்டார். டபிள்யூ 320 என்கிற முழுப் பருப்பு ரகத்தில் ஒரு லாட் பற்றி வெளிநாட்டிலிருந்து புகார் வந்தபோது, பதிவேட்டில் அந்த லாட்டுக்கு மறுசோதனையே இல்லை என்று தெரிந்தது. புகார் மின்னஞ்சலை வாசித்துவிட்டு அவர் சொன்னது, "சரி, இப்ப என்ன செய்யணும்?" கோபமோ பதற்றமோ அதில் இல்லை. என்னை உண்மையில் உஷாராக்கியது அந்தக் குரல்தான்.

ரிசார்ட் நாள்

என்னைக் கூப்பிடுவதற்கு முன்பே முதலாளி ஒரு மருந்து கொடுத்துப் பார்த்திருந்தார். திருவனந்தபுரம் பக்கம் கோவளத்தில் ஒரு ரிசார்ட்டில் ஒரு நாள், காலையில் யோகா, மத்தியானம் ஊக்கப் பேச்சாளர், மாலையில் பாட்டு. நல்ல எண்ணத்தில் செய்ததுதான். ஆனால் அன்று ஞாயிற்றுக்கிழமை. இந்த ஊரில் ஞாயிறு என்பது ஓய்வு நாளே கிடையாது, கல்யாண வீட்டு நாள். ஆலைக்காகப் போய்த் தலைகாட்ட வேண்டிய கல்யாணங்களை விட்டுவிட்டு வந்ததால், மறுவாரம் முழுக்கச் சாயங்காலங்களில் வீடு வீடாகப் போய்ச் சமாதானம் சொன்னார்கள். பேச்சாளர், "உங்கள் வேலையை நேசியுங்கள்" என்று சொல்லிக்கொண்டிருந்தபோது கொள்முதல்காரர் வெளியே நின்று, துறைமுகத்தில் மாட்டிய ஒரு கன்டெய்னருக்காக ஏஜென்டிடம் கத்திக்கொண்டிருந்தாராம். இதை எனக்குச் சொன்ன அக்கா சிரித்துக்கொண்டே சொன்னார், சொல்லி முடித்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஓய்வு, யோகா, சுற்றுலா எதையும் நான் தள்ளிவிடவில்லை. ஆனால் தண்ணீர்த் தொட்டியில் ஓட்டை இருக்கும்போது வாளியில் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றுவதுதான் இப்படிப்பட்ட நாட்கள். ஓட்டை எங்கே என்று பார்த்தாக வேண்டும்.

எப்படி விசாரித்தது

கேள்வித்தாள் கொடுத்து மதிப்பெண் போடலாமா என்று முதலாளி கேட்டார். மாஸ்லாக்கின் 22 கேள்விகள் இருக்கின்றன, கோபன்ஹேகன் கேள்வித்தாள் இருக்கிறது. பெரிய நிறுவனத்தில் அவை உதவும். ஆறு பேர் இருக்கிற இடத்தில் பெயர் போடாத தாளுக்கு அர்த்தமே இல்லை. கையெழுத்தும் பேனா மையும் ஆளைக் காட்டிக் கொடுத்துவிடும். அதனால் இரண்டு வேலை செய்தோம். ஒவ்வொருவரிடமும் தனியாக, ஆலைக்கு வெளியே, நீண்ட பேச்சு. கூடவே ஒரு பள்ளிக்கூட நோட்டு. இரண்டு வாரத்துக்கு, ஒரு முடிவு கேட்டு யாராவது வந்தால் எழுதி வைக்க வேண்டும்: யார் கேட்டார், என்ன சொன்னீர்கள், சொன்னது நின்றதா, மாறியதா.

எழுதிய நோட்டுகளை வைத்துக்கொண்டு, பணிச்சோர்வு எங்கிருந்து வருகிறது என்று மாஸ்லாக்கும் மைக்கேல் லைட்டரும் சொன்ன ஆறு தலைப்புகளில் ஒவ்வொரு குறிப்பையும் போட்டுப் பார்த்தேன். வேலைச் சுமை, தன் வேலை மேல் இருக்கிற கட்டுப்பாடு, பலன், கூட வேலை செய்கிறவர்களோடு உறவு, நியாயம், மதிப்பீடுகள் என்பவை அந்த ஆறும். சுமைதான் நிறைந்து வழியும் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். சுமை இருந்தது, இல்லாமலில்லை. கொள்முதல்காரரின் நேரக் குறிப்பே போதும். ஐவரி கோஸ்ட்டின் அபிஜானில் மாலை நாலரை மணி என்றால் இங்கே இரவு பத்து. அங்கே பேரம் சூடு பிடிக்கிற நேரத்தில் இவருடைய பிள்ளை தூங்கியிருக்கும். வாரம் 55 மணி நேரமோ அதற்கு மேலோ வேலை செய்கிறவர்களுக்கு, 35 முதல் 40 மணி நேரம் செய்கிறவர்களைவிடப் பக்கவாத அபாயம் 35 சதவீதம் கூடுதல் என்று உலக சுகாதார நிறுவனமும் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பும் 2021இல் சேர்ந்து சொன்னதைக் காட்டியபோது, அண்ணாச்சி விரலை மடக்கிக் கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுப் பேச்சை மாற்றினார். 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம் தொழிலாளிக்கு வாரம் 48 மணி நேரம் என்று கோடு போட்டது. நிர்வாகப் பொறுப்பில் இருப்பவர்களை அந்தக் கோட்டுக்கு வெளியே நிறுத்த மாநிலங்களுக்கு இடமும் கொடுத்தது. சாயங்காலம் சங்கு ஊதினால் உடைப்புக்காரப் பெண்கள் வீட்டுக்குப் போவார்கள், அண்ணாச்சிக்கு ஊதுகிற சங்கு எதுவும் இல்லை.

ஆனாலும் நோட்டுகளில் திரும்பத் திரும்ப வந்தது சுமை இல்லை. "சொன்னது மாறியது" என்கிற வரிதான்.

வீட்டு நடை

நடந்தது இப்படி. தோல் உரிக்கிற பீலிங்கில் தொடர்ந்து பருப்பை உடைத்துக் கழிவு கூட்டுகிற ஒரு பெண்ணை அண்ணாச்சி வேறு பிரிவுக்கு மாற்றுவார். அந்த அம்மா சாயங்காலம் முதலாளி வீட்டு நடையில், அதாவது வாசலில், போய் நிற்பார். முதலாளியின் அப்பா காலத்தில் வேலைக்கு வந்தவர், மகளின் கல்யாணத்துக்கு முதலாளி குடும்பத்தோடு போய் வந்த வீடு. முதலாளி, "சரி, நாளைக்குப் பழைய இடத்துலயே இருங்க, நான் சொல்லிக்கிடுதேன்" என்பார். சொல்லிக்கொள்வதற்கு மறந்துவிடுவார். மறுநாள் காலையில் அந்த அம்மா பழைய இடத்தில் உட்கார்ந்து அண்ணாச்சியை ஒரு பார்வை பார்ப்பார். அந்தப் பார்வையை மொத்த ஷெட்டும் பார்க்கும்.

இது ஒரு தடவை நடந்தால் எரிச்சலோடு போய்விடும். முன்பணம், லீவு, ஷிப்ட், லாரி வாடகை, திருப்பி அனுப்பிய லாட், பாக்கெட்டின் டிசைன் என்று வாரக்கணக்கில் நடந்தால், பொறுப்பு முழுக்க நம் தலையிலும் அதிகாரம் வேறு இடத்திலும் இருக்கிறது என்று ஆள் கற்றுக்கொள்வார். அண்ணாச்சி சொன்னார்:

"சாரே, நான் வேண்டாம்னு சொன்ன ஆள நாளைக்கு காலையில முதலாளி உள்ள விட்டுருப்பாரு. பின்ன நான் எதுக்கு வாயத் தொறக்கணும்? நானே நின்னு செஞ்சா ஒருத்தனும் மாத்த முடியாதுல்லா."

அவர் எல்லாவற்றையும் தானே இழுத்துப் போட்டுச் செய்ததன் காரணம் அதுதான். தன் கையால் செய்கிற வேலை ஒன்றுதான் யாரும் திருப்பிப் போட முடியாதது. கொள்முதல்காரர் பேசாமல் ஒதுங்கினார், அண்ணாச்சி வேலைக்குள் புதைந்துகொண்டார். வெளியே இரண்டும் எதிரெதிராகத் தெரிந்தாலும் இருவரும் தப்பித்தது ஒரே இடத்திலிருந்துதான். பணி அழுத்தத்தை ஆராய்ந்த ராபர்ட் கராசெக் 1979இலேயே சொன்ன விஷயம் இது. வேலையின் அழுத்தம் மட்டும் ஆளைச் சாய்ப்பதில்லை. அழுத்தம் கூடுதலாகவும் முடிவெடுக்கிற இடம் குறைவாகவும் இருக்கிற வேலைதான் சாய்க்கிறது.

கொள்முதலிலும் அதே கதை. ராத்திரி பேரம் பேசி விலை படிந்ததும் முதலாளிக்குப் போன் போகும். "காலையில பார்ப்போம்" என்பார். காலையில் அந்த விலை இருக்காது. கேட்காமல் முடித்துவிட்டால், "ரெண்டு நாள் பொறுத்திருக்கலாம்லா" என்பார். 80 கிலோ மூட்டைக்கு 48 பவுண்டு பருப்பு கிடைக்கும் என்று ஒப்பந்தம் போட்ட சரக்கு 45இல் வந்து நின்றபோது, அந்த நஷ்டம் கொள்முதல்காரரின் பெயரில் வாரக் கூட்டத்தில் பேசப்பட்டது. அதற்கு முந்தின மாதம் நல்ல விலையில் வாங்கிய சரக்கின் லாபம் யார் பெயரிலும் பேசப்படவில்லை.

முதலாளியை வில்லனாக எழுதுவது சுலபம். நான் அப்படிப் பார்க்கவில்லை. அவரிடம் கேட்டபோது வெகுநேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்: "அவங்க எங்க அப்பா இருக்கும்போ வந்தவங்க. நடையில வந்து நிக்கும்போ மேனேஜர்ட்ட போய்க் கேளுன்னு நான் எப்படிச் சொல்லுவேன்? எங்க அப்பா யாரையும் அப்படி அனுப்பினது கிடையாது." குமரியில் சின்ன ஆலைகள் நின்றதே இந்த உறவால்தான். தொழிலாளிக்கு முதலாளி வீடு என்பது வங்கி, பஞ்சாயத்து, ஆஸ்பத்திரிச் செலவு எல்லாம் சேர்ந்த ஒரு இடம். அந்த நடையை மூடச் சொல்கிற ஆலோசகர் இந்த ஊரைத் தெரியாதவர். ஆனால் ஒரு கையால் அந்த நடையையும் இன்னொரு கையால் தலைமைக் குழுவையும் வைத்துக்கொள்ள நினைத்தால், நடுவில் நிற்கிற ஆள் அரைபட்டுப் போவார்.

இன்னொன்றும் இருக்கிறது. 2011 கணக்கெடுப்பில் 91.75 சதவீத எழுத்தறிவோடு தமிழ்நாட்டிலேயே முதலில் நின்ற மாவட்டம் இது. படித்தவருக்கு வளைகுடா இருக்கிறது, களியக்காவிளையைத் தாண்டினால் திருவனந்தபுரம் டெக்னோபார்க் இருக்கிறது. மனம் விட்டுப்போன மேலாளர் சண்டை போடமாட்டார். விசாவுக்கு எழுதிப் போட்டுவிட்டு, விசா வரும்வரை "ஓகே" என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

மருத்துவரிடம் போக வேண்டியது

அக்காவின் சோர்வு மற்றவர்கள் சோர்வைப் போல இல்லை என்று பேச்சிலேயே பட்டது. வேலை மேல் அவருக்குக் கசப்பே இல்லை, கணக்கு நோட்டைத் திறந்தால் இன்னும் பிரியமாகத்தான் பேசினார். ஆனால் காலையில் எழும்போதே உடம்பு சடவாக இருக்கிறது, முடி கொட்டுகிறது, எடை கூடுகிறது என்றார். இதைப் பணிச்சோர்வு என்று பெயரிட்டு அனுப்பியிருந்தால் பெரிய தப்பாகியிருக்கும். ரத்தப் பரிசோதனையில் தைராய்டு குறைவு தெரிந்தது, கூடவே ரத்த சோகையும். மாத்திரை தொடங்கிக் கொஞ்ச மாதத்தில் ஆள் மாறிவிட்டார். தைராய்டு, ரத்த சோகை, சர்க்கரை, தூக்கத்தில் மூச்சுத் திணறல் ஆகியவற்றைப் பார்க்காமல் யாருடைய சோர்வையும் வேலையின் தலையில் கட்டக் கூடாது.

தரக் கட்டுப்பாட்டுப் பெண் விஷயத்தில் எனக்கு வேறு கவலை. பணிச்சோர்வு பெரும்பாலும் வேலையை ஒட்டியே நிற்கும். ஆலைக் கேட்டைத் தாண்டினால் கொஞ்சம் முகம் தெளியும். மனச்சோர்வு நோய் கேட்டோடு நிற்காது. சாப்பாடு, பிள்ளை, திருவிழா எதிலும் பிடிப்பு விட்டுப்போகும், வாழ்ந்து என்ன ஆகப்போகிறது என்கிற எண்ணம் வரும். அதை அவரிடம் நேராகவே கேட்டேன். கேட்டால் எண்ணத்தைத் தூண்டிவிடும் என்ற பயம் தேவையில்லை. அவருக்கு அந்த எண்ணம் இல்லை. ஊருக்குப் போனால் அம்மாவோடு தோட்டத்தில் நன்றாகத்தான் இருக்கிறேன் என்றார். அந்த எண்ணம் இருந்திருந்தால் ஆலோசகரின் வேலை அங்கேயே முடிந்து, ஆசாரிபள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநல மருத்துவரிடம் அழைத்துப் போவதுதான் அடுத்த வேலையாக இருந்திருக்கும். ராத்திரியில் யாரிடமும் பேச முடியாத நிலையென்றால் 14416 என்ற, மனநல உதவிக்கான அரசின் டெலி மானஸ் எண் தமிழிலும் பேசும், கட்டணம் இல்லை. அந்த எண்ணை ஆறு பேர் போனிலும் பதிந்து வைத்தோம், முதலாளி போனிலும்தான்.

என்ன மாற்றினார்கள்

கூட்டத்தில் முதலில் பேசியது நடையைப் பற்றித்தான், அதில்தான் நேரமும் போனது. யாரும் வந்து நிற்கலாம், முதலாளி கேட்கலாம், கஷ்டத்துக்குக் கைப்பணமும் கொடுக்கலாம். வேலை சம்பந்தமான ஒரு முடிவை மட்டும் அங்கே வைத்து மாற்றக் கூடாது; "அண்ணாச்சிட்ட பேசிட்டுச் சொல்லுதேன்" என்பதோடு நிறுத்த வேண்டும். பேசிய பிறகு மாற்றுவதாக இருந்தால், மாற்றிய செய்தியை அண்ணாச்சிதான் அந்தத் தொழிலாளியிடம் சொல்ல வேண்டும். இந்தக் கடைசி வரியைச் சேர்த்தது முதலாளியின் மகள். அவர் சேர்த்த ஒரு வரி, நான் கொண்டுபோயிருந்த நாலு பக்கத்தைவிடக் கூடுதலாக உதவியது.

அடுத்து ஒரு தாள். எந்த முடிவு யாருடையது என்று தமிழில் எழுதி எல்லோர் மேசையிலும் கண்ணாடிக்கு அடியில் வைத்தார்கள். ஒரு வரம்பு வரை செலவு அண்ணாச்சியுடையது. ஈரத்துக்காகத் திருப்பி அனுப்பிய லாட்டைத் தரக் கட்டுப்பாடு தவிர யாரும், முதலாளியும்கூட, விடுவிக்க முடியாது. அதில் கையெழுத்துப் போடும்போது முதலாளியின் பேனா கொஞ்சம் தயங்கியது என்று அக்கா பிறகு சொன்னார்.

கொள்முதலுக்கு வாரத் தொடக்கத்தில் முதலாளியும் கொள்முதல்காரரும் உட்கார்ந்து ஒரு விலை வரம்பும் அளவும் எழுதிக்கொள்வார்கள். அதற்குள் படிந்தால் ராத்திரி போன் தேவையில்லை, பிறகு "பொறுத்திருக்கலாம்லா" என்கிற பேச்சும் கிடையாது. சீசன் நடக்கிற மாதங்களில் அவர் ஆலைக்கு வருவது காலை பதினொன்றுக்கு. இதை மற்ற ஊழியர்கள் முணுமுணுத்தார்கள், முதலாளியின் கார் வரும்போது அவர் இருக்கை காலியாக இருப்பது இந்த ஊர்க் கண்ணுக்குப் பழகவில்லை. ராத்திரிப் பேச்சுக்கு இன்னொரு இளைஞரையும் பழக்கினார்கள்.

வாட்ஸ்அப் குழுவில் இரவு எட்டுக்குப் பிறகு எழுதலாம், பதில் எதிர்பார்க்கக் கூடாது. தீ, விபத்து, வழியில் நின்ற லாரி என்றால் போன். பெரும்பாலான நிறுவனங்களில் இந்த மாதிரி விதி ஒரு மாதம்கூடத் தாங்காது, இங்கேயும் தடுமாறியது. அதனால் இதைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை.

உடைப்பிலும் பீலிங்கிலும் அனுபவமுள்ள இரண்டு பெண்களுக்குச் சூப்பர்வைசர் பொறுப்பும் அதற்கான சம்பளமும் கொடுத்தது, ஆரம்பத்தில் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளாத மாற்றம். போர்மா சூட்டை அவர்கள் பார்க்க ஆரம்பித்த பிறகுதான் அண்ணாச்சி இருட்டுமுன் வீட்டுக்குப் போனார். முதல் வாரம் வீட்டில் என்ன செய்வதென்று தெரியாமல் சந்தைக்குப் போய்ச் சும்மா நின்றாராம். லீவு எடுக்கும்போது அந்த இடத்தைப் பார்க்கிற ஆளின் பெயரை எழுதிவிட்டுத்தான் போக வேண்டும் என்பதும் ஏற்றுக்கொள்ளப்பட்டது. பெயர் எழுதாத லீவில் போன் மட்டும் கூடவே போகும் என்று எல்லோருக்கும் ஏற்கெனவே தெரியும்.

ஒன்பது மாதம் கழித்து

கொள்முதல்காரர் போய்விட்டார். கொல்லத்தில் ஒரு நிறுவனம், கூடுதல் சம்பளம். மாற்றங்கள் வந்தபோது அவர் மனம் ஏற்கெனவே ஆலையைத் தாண்டியிருந்தது, அதைத் திரும்பக் கொண்டுவர முடியவில்லை. மனம் விலகிய பிறகு சுமையைக் குறைப்பதால் மட்டும் ஆள் திரும்புவது அபூர்வம் என்பது என் அனுபவம். ஆனால் சொல்லாமல் கொள்ளாமல் விசாவில் போகவில்லை. மூன்று மாதம் முன்பே சொல்லி, தரகர்களின் பெயர், பழக்கவழக்கம், யாரிடம் எந்தத் துறைமுகச் சரக்கு வாங்கக் கூடாது என்பது வரை எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். போகிற அன்று குழுவில் ஒரு நீண்ட செய்தி எழுதினார், பழையபடி அவுட்டேர்ன், டாலர் கணக்கெல்லாம் போட்டு.

தரக் கட்டுப்பாட்டுப் பெண் இப்போது கூட்டத்தில் சண்டை போடுகிறார். ஒரு லாட்டுக்காக முதலாளியோடு குரல் உயர்த்தி வாதாடியதாகவும், அந்த லாட் இரண்டாவது தடவையும் உலர்த்தலுக்குப் போனதாகவும் தெரிந்தது. முதலாளி இதைக் குறையாகச் சொன்னார். எனக்கு ஒன்பது மாதத்தில் கிடைத்த நல்ல செய்தி அதுதான்.

முதலாளி தவறினார், அதையும் எழுத வேண்டும். கொட்டை விலை ஏறிய ஒரு வாரத்தில் பழையபடி ராத்திரி ராத்திரியாகப் போன் போனது, நடையில் நின்ற ஒருவருக்கு முன்பணம் வாக்குக் கொடுக்கப்பட்டது. இந்த முறை அண்ணாச்சி பேசாமல் இருக்கவில்லை. தாளை எடுத்துக்கொண்டு நேராக முதலாளி அறைக்குப் போய், "இது எனக்க வேலையா, உங்க வேலையா, ஒண்ணு சொல்லிருங்க" என்று கேட்டார். முன்பணம் கொடுக்கப்பட்டது, அண்ணாச்சி கையால்.

முதலாளியின் சொந்தச் சோர்வை இந்த ஆய்வு சரியாகத் தொடவில்லை. ஐந்து பேரின் சுமை இறங்கிய பிறகு அவருடையது தெரிய ஆரம்பித்திருக்கிறது. ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை எடுக்கிறார், நடைக்கு வருகிறவர்கள் குறைந்ததில் ஒரு வெறுமையும் இருக்கிறது என்று அவர் மனைவி சொன்னார். அப்பாவைப் போல இருக்க முடியாமல் போகிற ஒரு மனிதருக்கு என்ன செய்வது என்பதற்கு என்னிடம் தாள் எதுவும் இல்லை.

கொள்முதல் இப்போது மகளிடம். ராத்திரி பத்து மணி விலை பேச்சு, போனிலிருந்து சாப்பாட்டு மேசைக்கு நகர்ந்திருக்கிறது. மேசையில் கொட்டை விலை பேசக் கூடாது என்று மகளே ஒரு விதி போட்டிருக்கிறார், அம்மா காவல். மேற்கு ஆப்பிரிக்கப் பேரம் தொடங்குமுன் ஜனவரிக் கடைசியில் குழு உட்கார்ந்து விலை வரம்பைத் திருத்தி எழுதப்போகிறது. பேரம் தொடங்கிய மூன்றாவது வாரத்தில் குழுவில் எல்லோரிடமும் மறுபடி தனித்தனியாகப் பேச எனக்கு நாள் குறித்திருக்கிறார்கள், முதலாளியிடம் முதலில்.